ஏரிக்குள்ள போன ஊரும் ஆட்டு டாக்டரோட ரேடியோவும்

2006-ல எம்.எஸ். படிக்க கான்சஸ் மாநிலத்துல இருக்கற மன்ஹாட்டன்ங்கற ஊருக்குப் போய் இறங்கினேன். அம்மா மதுராந்தகம் பூரா பையன் மன்ஹாட்டன்ல இருக்கான்னு சொல்லிட்டாங்க, கேட்டவங்க எல்லாம் நியூயார்க்னு நினைச்சுக்கிட்டாங்க, நானும் திருத்தல. நிஜத்துல சுத்தி புல்வெளி, கோதுமை, மாடு, நடுவுல ஒரு யுனிவர்சிட்டி, அவ்ளோதான்.

சீனியர் ஒருத்தர்கிட்ட ஒரு பழைய கொரோலா வாங்கினேன். சிடி பிளேயர் செத்துப்போச்சு, எஃப்எம் கரகரன்னு, ஏஎம் மட்டும் கணீர்னு எடுக்கும். ஒரு ராத்திரி கான்சஸ் சிட்டி ஏர்போர்ட்ல பிரண்ட விட்டுட்டு தனியா திரும்பி வரும்போது தூக்கம் வரக்கூடாதுன்னு ரேடியோவ போட்டேன், கை தானா 720-க்குப் போச்சு. எங்க அப்பாவோட ரேடியோவுல சென்னை ஸ்டேஷன் வர்ற இடத்துல சிவப்பு நெயில் பாலிஷ்ல ஒரு புள்ளி இருக்கும், அந்த முள்ள யாரும் நகர்த்தக் கூடாது, காலையில மீட்டர்ல ஏதோ ஒரு நம்பர் சொல்லிட்டு "அதாவது 720 கிலோஹெர்ட்ஸ்"னு சொல்ற குரல்லதான் வீடே எழுந்திருக்கும். அந்த 720-ல இங்க சிகாகோ வந்துச்சு. டபிள்யூஜிஎன்ங்கற ஸ்டேஷன். எழுநூறு எண்ணூறு கிலோமீட்டர் தள்ளி இருக்கற ஊர், பக்கத்து சீட்ல உக்காந்து பேசற மாதிரி. அன்னைக்குதான் எனக்கு ஏஎம் பைத்தியம் பிடிச்சுது.

இங்கயே ஒரு விஷயம் சொல்லிடறேன், பின்னாடி மறந்துடுவேன். அமெரிக்காவுல ஸ்டேஷனுக்கு ஸ்டேஷன் 10 கிலோஹெர்ட்ஸ் இடைவெளி, நம்ம ஊர்ல 9. 720 ரெண்டுக்கும் வகுபடும், அதனாலதான் ரெண்டு பக்கமும் அந்த நம்பர் இருக்கு. அங்க வாங்கற டிஜிட்டல் ரேடியோவ ஊருக்கு கொண்டு வந்தா 9/10 சுவிட்ச் இருக்கான்னு பாத்து வாங்குங்க, நான் பாக்காம வாங்கி அப்பாகிட்ட கொடுத்து, 720 மட்டும் வருது, மத்தது எல்லாம் விசில் அடிக்குதுன்னு அவர் மூணு மாசம் திட்டினார்.

சரி, கதைக்கு வரேன்.

மன்ஹாட்டன்ல இருந்து காருல அரை மணி, கொஞ்சம் கூட ஆகும், மில்ஃபோர்டு ஏரி. கான்சஸ்லயே பெரிய ஏரி. ரிபப்ளிகன் நதிக்கு குறுக்க 1960-கள்ல அணை கட்டினதுல வந்தது. ரூம்மேட் ரெண்டு பேரோட மீன் பிடிக்கலாம்னு போனோம் (பிடிக்கல, அது வேற கதை), தூண்டில் புழு விக்கற கடையில இருந்த பெரியவர் நாங்க எங்க போட்டோம்னு கேட்டுட்டு சிரிச்சார். நீங்க தூண்டில் போட்ட பக்கத்துலதான் பழைய மில்ஃபோர்டு ஊர் இருந்துச்சு, அணை வந்தப்ப ஊரை மேட்டுக்கு மாத்திட்டாங்க, அங்க ஒரு டாக்டர் ஆம்பளைங்களுக்கு ஆட்டு விதைய வச்சு தச்சுக்கிட்டு இருந்தார், அத விளம்பரம் பண்ண சொந்தமா ரேடியோ ஸ்டேஷனே வச்சிருந்தார்னு சொன்னார். நாங்க ஏதோ வெளியூர் பசங்கன்னு ஓட்டறார்னு நினைச்சோம். ரூமுக்கு வந்து தேடிப் பாத்தா அத்தனையும் நிஜம்.

ஜான் பிரிங்க்லி. ஒழுங்கா மருத்துவப் படிப்ப முடிக்காம கான்சஸ் சிட்டியில ஒரு டுபாக்கூர் காலேஜ்ல டிகிரி வாங்கினவர். 1917-ல மில்ஃபோர்டுக்கு வர்றார், ஊர்ல அப்ப ஒரு இருநூறு பேர் இருந்திருப்பாங்க. 1918 விஷக்காய்ச்சல் சமயத்துல வீடு வீடா போய் நல்லாவே வைத்தியம் பாத்திருக்கார், இத அவரோட எதிரிங்களே ஒத்துக்கறாங்க. அப்புறம்தான் ஆண்மைக்குறைவுன்னு வந்த ஒரு விவசாயிக்கு கிடாவோட விதைய எடுத்து வச்சு தச்சார். அந்த வீட்ல குழந்தை பொறந்துச்சு, அவ்ளோதான், கூட்டம் கூடிருச்சு. ஆபரேஷனுக்கு 750 டாலர். அந்தக் காலத்துல கிட்டத்தட்ட ஒரு கார் வாங்கற காசு.

1922-ல லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ் பத்திரிகை முதலாளி கூப்பிட்டு அங்க போனவர், அந்தப் பத்திரிகையோட ரேடியோ ஸ்டேஷன பாத்துட்டு மூளையில பல்பு எரிஞ்சு, 1923-ல மில்ஃபோர்டுல சொந்தமா ஒண்ணு ஆரம்பிச்சார். கேஎஃப்கேபி. இருநூறு சொச்சம் பேர் இருக்கற ஊர்ல. லைசென்ஸ் போற நேரத்துல 1050 கிலோசைக்கிள் (கிலோஹெர்ட்ஸுக்கு அப்ப இருந்த பேர்), 5 கிலோவாட்.

5 கிலோவாட்னா இன்னைக்கு கேக்க சின்னதா இருக்கும், எங்க சென்னை ஏ 200 கிலோவாட். ஆனா கான்சஸ் மண்ணு வேற. ஏஎம் அலை பகல்ல தரையோட ஒட்டி ஓடும், மண்ணுல மின்சாரம் நல்லா கடந்தாதான் தூரம் போகும், ஈரமான கரிசல் சமவெளி அதுக்கு சொர்க்கம், அமெரிக்காவுலயே மண்ணோட கடத்துத்திறன் மேப்ல அதிகமா இருக்கற இடங்கள்ல இதுவும் ஒண்ணு. எங்க யுனிவர்சிட்டியோட ஸ்டேஷன் 580-ல இன்னொரு ஸ்டேஷனோட நேரத்த பங்கு போட்டுக்கிட்டு ரொம்ப காலம் ஓடிட்டு 2002-ல நின்னுபோச்சு, நான் போறதுக்கு நாலு வருஷம் முன்னாடி, ஆனா அத பக்கத்து மாநிலத்துல கேட்டேன்னு சொல்ற ஆளுங்கள டிபார்ட்மென்ட்லயே பாத்திருக்கேன்.

இப்ப நான் ஏன் இத தோண்ட ஆரம்பிச்சேன்னு சொல்லணும். எங்க பெரியப்பாவுக்கு சுகர். ராத்திரி பத்து மணிக்கு மேல லோக்கல் சேனல்ல வைத்தியர் ஒருத்தர் வந்து பேசுவார்ல, இந்த தேதி இந்த ஊர்ல இந்த லாட்ஜ்னு, அந்த மாதிரி ஒருத்தர்கிட்ட பெரியப்பா லேகியம் வாங்கி சாப்பிட்டுக்கிட்டு மாத்திரைய நிறுத்திட்டார், கால் புண்ணுன்னு ஆஸ்பத்திரிக்கு தூக்கிட்டுப் போனப்பதான் வீட்டுக்கே தெரிஞ்சுது. ரெண்டு விரல் போச்சு. ரிட்டயர்ட் ஹெட்மாஸ்டர் சார் அவர். எங்க எல்லாருக்கும் கணக்கு சொல்லிக் கொடுத்தவர். இவ்ளோ படிச்சவர் எப்படி ஏமாந்தார்னு அப்பா கத்தினார், நானும் போன்ல அதையேதான் சொன்னேன். அது என் மனசுல இருந்ததாலதான் இந்த ஆட்டு டாக்டர் கதைய சிரிச்சிட்டு விட முடியல, எப்படி ஏமாத்தினார்னு தெரிஞ்சுக்கணும்னு வெறி வந்துருச்சு.

முதல் ஆறு மாசம் தப்பு தப்பா தேடினேன். அந்த தப்புகள வரிசையா இல்லாம ஞாபகம் வர்ற மாதிரி சொல்றேன், மூடிப்போன ஸ்டேஷன் எதையாவது தேடறவங்களுக்கு உபயோகப்படும்.

பேர். கேஎஃப்கேபின்னா "கான்சஸ் ஃபர்ஸ்ட், கான்சஸ் பெஸ்ட்"னு எல்லா இடத்துலயும் போட்டிருக்கும். நானும் நம்பி நோட்டுல எழுதி வச்சேன். அப்புறம் பாத்தா கேஎஃப்கேஏன்னு ஒண்ணு கொலராடோவுல கிரீலிங்கற ஊர்ல இருக்கு. அப்ப அரசாங்கம் சும்மா அகர வரிசையில வரிசையா பேர் கொடுத்துக்கிட்டு இருந்தாங்க, இவருக்கு வந்தது கேஎஃப்கேபி, நம்ம வண்டிக்கு ஆர்டிஓ ஆபீஸ்ல நம்பர் வர்ற மாதிரி. வந்த எழுத்துக்கு அர்த்தத்த இவர் பின்னாடி ஒட்டவச்சுக்கிட்டார். அதே மாதிரி கான்சஸோட முதல் ஸ்டேஷன்னும் எழுதறாங்க, அதுவும் இல்ல, 1922-லயே அந்த மாநிலத்துல ஸ்டேஷன் வந்தாச்சு. எந்த ஊர்ல யார் "முதல்"னு சொன்னாலும் ஒரு வாரம் நம்பாதீங்க. அதுவும் இவரு காசு கொடுத்து ஆள் வச்சு சொந்த வாழ்க்கை வரலாற எழுதிக்கிட்டவர், பாதி கதை அதுல இருந்து கசிஞ்சதுதான்.

அடுத்தது மீட்டர், அதாவது ரேடியோ அலையோட நீளம். பழைய பேப்பர்ல எல்லாம் 286 மீட்டர் அப்படின்னு இருக்கும், நான் வேற ஸ்டேஷன்னு நினைச்சு தாண்டிப் போயிட்டேன். மூணு லட்சத்த மீட்டரால வகுத்தா கிலோசைக்கிள். 286-ஐ போட்டா 1049 கிட்ட வரும், 1050-தான். காலையில ரேடியோவுல மீட்டர் சொல்லி அதாவது கிலோஹெர்ட்ஸ்னு சொல்றத கேட்டு வளந்தவன் நான், அந்த "அதாவது"க்கு அர்த்தம் கான்சஸ் லைப்ரரியில உக்காந்துதான் புரிஞ்சுது.

அதுக்கு மேல, 1928 நவம்பர்ல அமெரிக்கா முழுக்க ஸ்டேஷன்கள இடம் மாத்தினாங்க, திரும்ப 1941 மார்ச் 29 அன்னைக்கு இன்னொரு தடவை கூண்டோட மாத்தினாங்க. அதனால 1930-ல ஒரு நம்பர பாத்துட்டு இன்னைக்கு அந்த நம்பர்ல யாரு இருக்காங்கன்னு பாத்தா குழம்பிடுவீங்க. நான் 1050-ல தேடிக்கிட்டு இருந்தேன். கேஎஃப்கேபிய பின்னாடி விச்சிட்டாவுல இருந்த ஒரு லைஃப் இன்ஷூரன்ஸ் கம்பெனி வாங்கி கேஎஃப்பிஐன்னு பேர் மாத்தி, 1941-க்கு அப்புறம் அது 1070-க்குப் போயிருச்சு. இப்ப எஃப்சிசி (அமெரிக்காவுல ரேடியோ லைசென்ஸ் கொடுக்கற அரசாங்க அமைப்பு) பழைய அட்டைகள ஸ்கேன் பண்ணி ஆன்லைன்ல போட்டிருக்காங்க, ஒவ்வொரு ஸ்டேஷனுக்கும் பவர், டவர், முதலாளி மாறினது எல்லாம் டைப் அடிச்ச அட்டை. நான் தேடின காலத்துல அந்த வசதி இல்ல. ஆனா அந்த அட்டைகள் 1980 வாக்குல என்ன பேர் இருந்துச்சோ அந்த பேர்லதான் அடுக்கியிருக்கும், பழைய பேர்ல தேடினா ஒண்ணும் கிடைக்காது. முதல்ல கடைசிப் பேர கண்டுபிடிங்க, அப்புறம் பின்னாடி நடந்து வாங்க.

ரெக்கார்டிங்? மறந்துடுங்க. 1920-கள்ல நிகழ்ச்சிய பதிவு பண்ணி வைக்கிற பழக்கமே கிடையாது, காத்துல போனது காத்தோட போச்சு. அப்ப எப்படி அவர் என்ன பேசினார்னு தெரியும்? இங்கதான் எனக்கு லக் அடிச்சுது. லைசென்ஸ புதுப்பிக்க மாட்டோம்னு ஃபெடரல் ரேடியோ கமிஷன் 1930-ல சொல்லிட்டாங்க, இவர் கோர்ட்டுக்குப் போனார், 1931 பிப்ரவரியில வாஷிங்டன் அப்பீல் கோர்ட்ல தீர்ப்பு. லா படிக்கிற ஒரு தெலுங்கு பையன்தான் எனக்கு அத எடுத்துக் கொடுத்தான், சின்ன தீர்ப்புதான், சில பக்கம். அதுல அவர் மைக்ல பேசினத அப்படியே எடுத்துப் போட்டிருக்காங்க. மூடிப்போன ஸ்டேஷனோட குரல் கேக்கணும்னா அது மேல யாராவது கேஸ் போட்டாங்களான்னு பாருங்க, சண்டை போட்டவங்கதான் ஆதாரத்த பத்திரமா வச்சிருப்பாங்க.

நிகழ்ச்சி பேரு மெடிக்கல் கொஸ்டின் பாக்ஸ். ஒரு நாளைக்கு மூணு தடவை, அரை அரை மணி நேரம், அவரே உக்காந்து லெட்டர் படிப்பார். தீர்ப்புல ஒரு லெட்டர் டில்லின்னு ஒரு பொம்பளையோடது. பத்து வருஷம் முன்ன ஏதோ ஆபரேஷன் ஆகியிருக்கு. இவர் அந்த ஆபரேஷனே தேவையில்லாததுன்னு சொல்லிட்டு, பெண்களுக்கான டானிக் நம்பர் 50, 67, 61 சாப்பிடு, மூணு மாசம் விடாம சாப்பிட்டா நீ ஆசைப்பட்டது நடக்கும், எந்த மருந்தாலயாவது நடக்கும்னா இதாலதான் நடக்கும்ங்கற மாதிரி சொல்றார். இன்னொருத்தருக்கு முதல்ல பித்தப்பையில கல்லுன்னு சொல்லிட்டு, இல்ல, கிட்னியில கல்லுன்னு மாத்திச் சொல்லி 80, 50, 64 நம்பர் மருந்து, கூடவே நிறைய தண்ணி குடின்னு. ஆள பாக்கல, தொட்டுப் பாக்கல, ஒரு டெஸ்ட் கிடையாது. மருந்துக்கு பேர் இல்ல, நம்பர் மட்டும்தான். அந்த நம்பர் மருந்த அவரோட சங்கத்துல சேந்த மருந்துக் கடையில மட்டும்தான் வாங்க முடியும், விக்கற ஒவ்வொரு பாட்டிலுக்கும் கடைக்காரர் சங்கத்துக்கு காசு கட்டணும்.

"மூணு மாசம் விடாம." இத படிச்சப்ப எனக்கு ஒரு மாதிரி ஆயிருச்சு. பெரியப்பாவுக்கு சொன்னது ஒரு மண்டலம், நாப்பத்தெட்டு நாள், நடுவுல ஒரு நாள் விட்டாலும் திரும்ப முதல்ல இருந்து. அப்ப வேலை செய்யலன்னா தப்பு மருந்து மேல இல்ல, சாப்பிட்டவன் மேல.

ஆனா இத மட்டும் தெரிஞ்சுக்கிட்டு நான் நிறுத்தியிருந்தா ஜனங்க முட்டாளுங்கன்னு முடிவு பண்ணிட்டு போயிருப்பேன். ஜங்ஷன் சிட்டியில கவுண்டி மியூசியம் ஒண்ணு இருக்கு, அங்க போயிட்டு வந்துக்கிட்டு இருந்தப்ப அங்க வர்ற ஒரு அம்மா, அவங்களோட மாமியாருக்கு தொண்ணூறு கிட்ட வயசு, சின்ன வயசுல கேட்டிருக்காங்க, போய்ப் பாருன்னு சொன்னாங்க. போனேன். மில்ஃபோர்டுல இருந்து நாலஞ்சு மைல் தள்ளி ஒரு பண்ணையில வளந்தவங்க.

நான் போய் உக்காந்த உடனே "கேஎஃப்கேபி பத்தி என்ன ஞாபகம் இருக்கு"ன்னு கேட்டேன். ஆட்டு டாக்டர்னு சொல்லி சிரிச்சாங்க, ஊருக்கே தெரிஞ்ச நாலு ஜோக்க சொன்னாங்க, முடிஞ்சுது. அஞ்சு நிமிஷம். எனக்கு என்ன பண்றதுன்னு தெரியாம, உங்க வீட்ல ரேடியோ எங்க இருந்துச்சுன்னு கேட்டேன் பாருங்க, அதுக்கப்புறம் ரெண்டு மணி நேரம் நிறுத்தல. சமையல்கட்டுக்கும் கூடத்துக்கும் நடுவுல ஒரு மேஜை, மேல துணி போட்டு வச்சிருப்பாங்களாம், அப்பாவத் தவிர யாரும் தொடக்கூடாது (எங்க அப்பாவோட நெயில் பாலிஷ் புள்ளி ஞாபகம் வந்துச்சு). பண்ணையில அப்ப கரண்ட் கிடையாது, கார் பேட்டரியில ஓடற ரேடியோ, பேட்டரி இறங்கிட்டா டவுனுக்கு எடுத்துட்டுப் போய் சார்ஜ் போடணும், அதனால எத கேக்கறதுன்னு வீட்ல சண்டையே வருமாம். அப்பாவுக்கு பிடில் பாட்டு. அம்மாவுக்கு டாக்டர். டாக்டர் வந்தா பசங்கள கோழிக்கு தீனி போட வெளிய அனுப்பிடுவாங்க, இவங்க ஜன்னலுக்கு கீழ நின்னு கேப்பாங்களாம். அவர் குரல் எப்படி இருக்கும்னு கேட்டேன். கத்தமாட்டார், அவசரப்படமாட்டார், எங்க அம்மாகிட்ட அந்த வீட்ல யாரும் அவ்ளோ நேரம் பொறுமையா பேசினது இல்லன்னாங்க.

அந்த ஒரு வரியில எனக்கு பெரியப்பா புரிஞ்சார். பெரியம்மா போய் ரெண்டு வருஷம் ஆகியிருந்துச்சு அப்ப, பசங்க பெங்களூர்ல. அரசாங்க ஆஸ்பத்திரியில டாக்டர் நிமிந்து பாக்காம சீட்டு எழுதித் தருவார், ராத்திரி பத்து மணிக்கு டிவியில ஒருத்தர் அய்யா சாப்டீங்களா, கால் எரியுதா, தூக்கம் வருதான்னு நம்ம ஊர் பேச்சுல கேக்கறார்.

பாட்டு சொன்னேன்ல, அதுவும் முக்கியம். கேஎஃப்கேபில வெறும் மருந்து விளம்பரம் மட்டும் ஓடல. பிடில், நாட்டுப்புறப் பாட்டு, மிலிட்டரி பேண்ட், ஹவாய் பாட்டு, ஜோசியம், பிரெஞ்சு மொழிப் பாடம் கூட இருந்திருக்கு. பெரிய நகரத்து ஸ்டேஷன்கள் கோட்டு போட்ட ஆர்கெஸ்ட்ரா போட்டுக்கிட்டு இருந்தப்ப இவர் பண்ணைக்காரனுக்கு அவன் வீட்டுப் பாட்ட போட்டார். ரேடியோ டைஜெஸ்ட்ங்கற பத்திரிகை நடத்தின வாக்கெடுப்புல அமெரிக்காவுலயே ஜனங்களுக்கு பிடிச்ச ஸ்டேஷன்னு தங்கக் கோப்பையே வாங்கியிருக்கு. ஊருக்கு நடைபாதை, சாக்கடை, கரண்ட், புது போஸ்ட் ஆபீஸ் எல்லாம் அவர் காசு. ஒரு நாளைக்கு 3,000 லெட்டர் வந்தா போஸ்ட் ஆபீஸ் வேணும்ல. சின்னப் பசங்க பேஸ்பால் டீமுக்கு "பிரிங்க்லி கோட்ஸ்"னு பேர், இத சொல்லும்போது அந்தப் பாட்டி விழுந்து விழுந்து சிரிச்சாங்க, அவங்க அண்ணன் அதுல ஆடியிருக்கார்.

இவ்ளோ பேசினதுல என்கிட்ட ரெக்கார்டா இருக்கறது பதினோரு நிமிஷம். ரெக்கார்டர்ல இடம் காலியா இருக்கான்னு பாக்கல, முந்தின வாரத்து லெக்சர் எல்லாம் அதுல கிடந்துச்சு, நிறைஞ்சு நின்னுபோச்சு, நான் பாக்கவே இல்ல. காருக்கு வந்து பாத்துட்டு ஸ்டியரிங்ல தலைய முட்டிக்கிட்டேன். அங்கயே உக்காந்து ஞாபகம் இருக்கற வரைக்கும் எழுதினேன், மேல சொன்னது எல்லாம் அந்த நோட்டுல இருந்துதான். அடுத்த தடவை போறதுக்குள்ள அவங்க பொண்ணு வீட்டுக்கு டெக்சாஸ் போயிட்டாங்க. அதனால ரெண்டு மெஷின் எடுத்துட்டுப் போங்க, பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை சிவப்பு லைட் எரியுதான்னு பாருங்க, ஸ்டேஷன பத்தி கேக்காதீங்க, வீட்டப் பத்தி கேளுங்க. ரேடியோ எங்க இருந்துச்சு, முள்ள யாரு திருப்புவாங்க, யாரு வந்தா அணைப்பாங்க. நம்ம ஊர்லயும் இது அப்படியே வேலை செய்யும், நான் பின்னாடி அப்பாகிட்ட கேட்டுப் பாத்திருக்கேன்.

ஸ்டேஷன் எப்படி போச்சுன்னா, கான்சஸ் சிட்டி ஸ்டார் பத்திரிகை ஒரு பக்கம் கிழிச்சாங்க, அமெரிக்க டாக்டர்கள் சங்கத்துல மோரிஸ் ஃபிஷ்பைன்னு ஒருத்தர் இவர விடாம துரத்தினார். மாநில மெடிக்கல் போர்டு விசாரணையில இவர் கையெழுத்து போட்ட 42 மரண சர்டிஃபிகேட் வந்துச்சு, அதுல பல பேர் வரும்போது நோயாளியாவே இல்லையாம். 1930 செப்டம்பர்ல டாக்டர் லைசென்ஸ் போச்சு. ரேடியோ லைசென்ஸ் கேஸ்ல கோர்ட்டு, இது மக்களுக்கான ஸ்டேஷன் இல்ல, டாக்டரோட சொந்த யாவாரத்துக்கான ஸ்டேஷன், லைசென்ஸ் புதுப்பிக்கும்போது பழைய நடத்தைய பாக்கறது தணிக்கை ஆகாதுன்னு சொல்லிட்டாங்க, பைபிள்ல இருந்து கனிகளால அவங்கள அறிவீங்கங்கற வசனத்த வேற போட்டிருக்காங்க. இன்னைக்கும் அமெரிக்காவுல மீடியா சட்டம் படிக்கறவங்க இந்தக் கேஸ படிக்கறாங்க, அந்த தெலுங்கு பையனுக்கு எக்ஸாம்லயே வந்துச்சாம்.

டாக்டர் லைசென்ஸ் போன சில நாள்லயே இவர் கவர்னர் தேர்தல்ல குதிச்சார். பேலட் அச்சாயிருச்சு, பேர் சேக்க நேரமில்ல, அதனால ஓட்டுப் போடறவங்க கையால பேர் எழுதணும். கைவசம் இருந்தது மைக்கும் ஒரு ஏரோபிளேனும். தேர்தலுக்கு சில நாள் முன்ன "ஜே.ஆர். பிரிங்க்லி"ன்னு சரியா எழுதினாதான் செல்லும்னு அறிவிச்சுட்டாங்க, டாக்டர்னு எழுதினது, ஸ்பெல்லிங் தப்பா எழுதினது எல்லாம் குப்பை. அப்படியும் 1,83,278 ஓட்டு. ஜெயிச்சவர் 2,17,171, ரெண்டாவது வந்தவர் வெறும் 251 ஓட்டு கம்மி. தள்ளுபடி ஆன ஓட்ட எண்ணியிருந்தா இவரே வந்திருப்பார்னு அங்க பல பேர் இன்னும் சொல்றாங்க. பக்கத்து ஓக்லஹோமா மாநிலத்துல இவர் நிக்கவே இல்ல, அங்கயும் 20,000-க்கு மேல ஜனங்க இவர் பேர எழுதிப் போட்டிருக்காங்க. ரேடியோவுக்கு எல்லைக்கோடு தெரியாது இல்லையா.

தெரியாதுன்னு அவருக்கும் தெரியும். கேஎஃப்கேபிய வித்துட்டு டெக்சாஸ் எல்லைக்கு அந்தாண்ட மெக்சிகோவுல வில்லா அகூன்யாங்கற ஊர்ல எக்ஸ்இஆர்னு 50 கிலோவாட்ல 1931-ல ஆரம்பிச்சார், பின்னாடி அது எக்ஸ்இஆர்ஏ ஆகி 500 கிலோவாட் வரைக்கும் போச்சு. ஆரம்பத்துல அவர் மில்ஃபோர்டுலயே உக்காந்துக்கிட்டு டெலிபோன் லைன்ல பேசுவார், அது மெக்சிகோவுக்குப் போய் டவர் ஏறி திரும்ப கான்சஸுக்கே வரும். இத தடுக்கறதுக்குன்னே அமெரிக்காவோட 1934 தகவல்தொடர்பு சட்டத்துல ஒரு பிரிவு போட்டாங்க. 1939-ல ஃபிஷ்பைன் மேல மானநஷ்ட வழக்கு போட்டு இவரே தோத்தார், அதுக்கப்புறம் ஆபரேஷன் பண்ணிக்கிட்டவங்க வரிசையா கேஸ் போட்டு திவாலாகி, 1941-ல ஸ்டேஷன் மூடி, 1942-ல செத்துப்போனார். இந்த மெக்சிகோ காலத்த பத்தி எழுத ஆரம்பிச்சா இன்னொரு பதிவு ஆகும், நான் அங்க போனதும் இல்ல.

படிப்பு முடிஞ்சு கான்சஸ விட்டுக் கிளம்பறதுக்கு முந்தின வாரம் தனியா ஏரிக்குப் போனேன். சாயங்காலம், தண்ணி கொஞ்சம் இறங்கியிருந்துச்சு, கரையில சேறு. ஊர் இருந்ததுக்கு அடையாளமா ஒண்ணும் கண்ணுக்குத் தெரியல, படகு விடறவங்க ரெண்டு பேர் கூலர தூக்கிக்கிட்டு போனாங்க. கார்ல ஏஎம் போட்டு 1050-ல வச்சேன். பகல்ல வெறும் இரைச்சல்தான் வரும், முன்னாடியே பாத்திருக்கேன். சூரியன் இறங்க இறங்க அடியில ஏதோ குரல் வர ஆரம்பிச்சு, ஒரு அரை மணி நேரத்துல தெளிவாயிருச்சு. ஸ்பானிஷ் பாட்டு, அக்கார்டியன் வச்சு. மெக்சிகோ மான்டெர்ரேல இருக்கற எக்ஸ்இஜி, 100 கிலோவாட். 1941-ல ஸ்டேஷன்கள கூண்டோட மாத்தினாங்கன்னு சொன்னேன்ல, அது அமெரிக்கா மெக்சிகோ மாதிரி பக்கத்து நாடுகளோட போட்ட ஃப்ரீக்வென்சி ஒப்பந்தத்தால, அதுலதான் எல்லை ஓரத்து ஸ்டேஷன்களுக்கு கதவு மூடினாங்க, எக்ஸ்இஆர்ஏ போனது அதோடதான், அதே ஒப்பந்தத்துல 1050-ஐ மெக்சிகோவுக்கு எழுதிக் கொடுத்தாங்க.

ரெண்டு பாட்டு கேட்டேன். அப்புறம் ஒருத்தர் பேச ஆரம்பிச்சார், ஏதோ விளம்பரம், ஸ்பானிஷ்ல எனக்கு பத்து வார்த்தை கூட தெரியாது. கத்தல, அவசரப்படல. கொசு கடிக்க ஆரம்பிச்சதும் கண்ணாடிய ஏத்திட்டு கிளம்பிட்டேன்.